பதினைந்தா, ஐம்பதா?

இருபத்து நான்கு வருட வேலையில் நான்கு முறை ஃப்ரெஷர் ஆகியிருக்கிறேன். முதல் முறை எனக்கு 22 வயது. நான்காவது முறை 45. முதல் முறை பக்கத்து நாற்காலியில் என் வயதுக்காரி ஒருத்தி உட்கார்ந்திருந்தாள். நான்காவது முறை உட்கார்ந்திருந்த பையன், என்னை ஆன்ட்டி என்பதா மேம் என்பதா என்று முடிவுக்கு வரமுடியாமல் மூன்று நாள் மொட்டையாகவே பேசிக்கொண்டிருந்தான்.

அமெரிக்க டாக்டர்கள் பேசியதைக் கேட்டுத் தட்டச்சு செய்வதில் தொடங்கினேன். பிறகு அவர்கள் எழுதியதைப் படித்து எண்களாக மாற்றினேன். இப்போது, இயந்திரம் மாற்றிய எண்கள் சரிதானா என்று பார்க்கிறேன். சென்னை, திருச்சி, கோவை, சேலம் என்று இந்த வேலை நடக்காத பெரிய ஊர் இங்கே குறைவு. விலங்கியல், நுண்ணுயிரியல், நர்சிங், பிசியோதெரபி என்று படித்துவிட்டு வந்தவர்கள்தான் என்னோடு வேலை செய்தவர்களில் அதிகம். பக்கத்து வீட்டில் கேட்டால் ‘ஐ.டி. கம்பெனி’ என்று சொல்லிவிடுவோம். அவர்கள் ஐ.டி. சம்பளத்தைக் கற்பனை செய்துகொள்வார்கள், நாங்களும் மறுப்பதில்லை.

அப்ஸ்கில், ரீஸ்கில் என்று இப்போது மேடைக்கு மேடை பேசுகிறார்கள். கற்றுக்கொள்கிறவன் பிழைப்பான், சோம்பேறி விழுவான் என்பதுதான் அந்தப் பேச்சின் சாரம். நான் கண்ணால் பார்த்தது வேறு. அதை எழுதி வைக்கிறேன்.

*

அப்பா திருச்சி உறையூரில் டைப்ரைட்டிங் இன்ஸ்டிடியூட் வைத்திருந்தார். ரெமிங்டன், ஃபேசிட், ஹால்டா என்று பதினோரு மெஷின். காலை ஆறு மணிக்கு முதல் பேட்ச். ‘ஏ எஸ் டி எஃப் ஜி எஃப், செமிகோலன் எல் கே ஜே ஹெச் ஜே’ என்று விரல்கள் தட்டுகிற சத்தத்தில்தான் நான் தினமும் கண்விழித்தேன். லோயருக்கு நிமிடத்துக்கு 30 சொல், ஹையருக்கு 45. பத்தாவது முடித்த விடுமுறையில் லோயர், பன்னிரண்டாவது முடித்து ஹையர். பி.எஸ்சி. விலங்கியல் முடித்தபோது இந்த இரண்டு சான்றிதழ்தான் என் சொத்து.

2001-இல் மெடிக்கல் டிரான்ஸ்கிரிப்ஷன் என்ற பெயர் திருச்சிச் சுவர்களில் எல்லாம் ஒட்டப்பட்டது. டிகிரி போதும், கைநிறையச் சம்பளம், வேலைக்கு உத்தரவாதம். ஆறு மாத வகுப்புக்கு 18,000 ரூபாய். அம்மாவின் இரண்டு வளையல் அடகுக்குப் போயிற்று. ‘ஐடிஸ்’ என்று முடிந்தால் வீக்கம், ‘எக்டமி’ என்று முடிந்தால் அறுத்தெடுப்பது, ‘ஆஸ்டமி’ என்றால் துளை போடுவது என்று கிரேக்கமும் லத்தீனும் விலங்கியல்காரிக்குச் சுலபமாகவே வந்தன. நான்காம் மாதம் ஒரு திங்கட்கிழமை போனால் ஷட்டர் இறங்கியிருந்தது. நடத்தியவர்கள் எங்கே போனார்கள் என்று கீழே டீக்கடைக்காரருக்கும் தெரியவில்லை. அவருக்கும் பாக்கி இருந்தது.

என்னைக் காப்பாற்றியது அப்பாவின் மெஷின்தான். சென்னையில் நேர்முகத் தேர்வுக்குப் போனபோது டைப்பிங் டெஸ்ட் வைத்தார்கள். சான்றிதழ் கேட்கவில்லை. வேகத்தைப் பார்த்து, ‘வேலை செய்துகொண்டே பழகிக்கொள்’ என்று 4,500 ரூபாய்ச் சம்பளத்தில் எடுத்துக்கொண்டார்கள்.

*

அந்தத் தொழிலின் கணக்கு எளிமையானது. அமெரிக்காவில் டாக்டர் சாயங்காலம் நோயாளியைப் பார்த்துவிட்டு, விவரத்தைப் பேசிப் பதிவு செய்வார். அங்கே இரவாகும்போது இங்கே பகல். நாங்கள் கேட்டு அடித்து அனுப்பினால் அவர் காலையில் வரும்போது அறிக்கை தயாராக இருக்கும். 24 மணி நேரத்துக்குள் போய்ச் சேர வேண்டும். கூலி வரிக் கணக்கில். அதுவும் கண்ணுக்குத் தெரிகிற வரி அல்ல. இடைவெளியும் சேர்த்து 65 எழுத்து ஒரு வரி.

காதில் ஹெட்ஃபோன், வலது காலடியில் பெடல். அழுத்தினால் ஆடியோ ஓடும், விட்டால் நிற்கும், பக்கவாட்டில் தட்டினால் பின்னால் போகும். ஒரு டாக்டர் சாண்ட்விச் தின்றுகொண்டே பேசுவார். ஒருவர் கார் ஓட்டிக்கொண்டே பேசுவார். இண்டிகேட்டர் சத்தம் டிக் டிக்கென்று பின்னால் கேட்கும். டெக்சாஸிலிருந்து பேசிய ஒருவரின் ஆங்கிலத்துக்குள் குண்டூர் இருந்தது. அவரை மட்டும் நாங்கள் போட்டி போட்டு எடுப்போம்.

மருந்துப் பெயர்தான் கண்ணிவெடி. செலிப்ரெக்ஸ் மூட்டுவலிக்கு, செலெக்ஸா மனச்சோர்வுக்கு, செரிபிக்ஸ் வலிப்புக்கு. மூன்றையும் வாயில் சாண்ட்விச் வைத்துக்கொண்டு சொல்லிப் பாருங்கள்.

எங்கள் கோப்புகளைச் சரிபார்க்கும் கியூ.ஏ. நாகர்கோவில்காரி. எல்லோருக்கும் அக்கா. சேர்ந்த இரண்டாம் மாதம் என் கோப்பு ஒன்றைத் திறந்து வைத்துக்கொண்டு கூப்பிட்டார். சர்க்கரை நோயாளி ஒருவருக்கு இரவு இன்சுலின் 50 யூனிட் என்று அடித்திருந்தேன்.

“மக்களே, இது பதினஞ்சா, அம்பதா?”

கேட்டேன். ‘ஃபிஃப்டி’ என்றுதான் கேட்டது. இன்னொரு முறை கேட்டேன். ‘ஃபிஃப்டீன்’ என்பது போலவும் இருந்தது.

“காதை மட்டும் நம்பாத. மேல படி. காலையில பன்னெண்டு யூனிட் போடுற ஆளு. ராத்திரி திடீர்னு அம்பது எப்படிப் போடுவாரு? கேஸைப் படி, அப்புறம் காதால கேளு.” கொஞ்சம் நிறுத்தி, “அப்பவும் சந்தேகம்னா பிளாங்க் விடு. பிளாங்க் தப்பே இல்ல. யூகம்தான் தப்பு” என்றார்.

புரியாத இடத்தை அடிக்கோடிட்டு வெற்றாக விட்டால் டாக்டரே நிரப்பிக்கொள்வார். பிளாங்க் கூடினால் மார்க் குறையும்தான். ஆனால் தவறான எண்ணுக்குக் குறைகிற அளவு குறையாது. நல்ல டாக்டர்கள் எங்கள் கஷ்டம் தெரிந்து ‘ஃபிஃப்டீன், ஒன் ஃபைவ்’ என்று பிரித்துச் சொல்வார்கள். முகம் தெரியாத அந்த மனிதர்களை இன்றும் மரியாதையோடு நினைத்துக்கொள்கிறேன்.

*

2008-இல் ஒரு நாள் எங்கள் வரிசையில் பாதிப் பேருக்கு ஆடியோவோடு எழுத்தும் சேர்ந்து வந்தது. குரலைக் கேட்டு இயந்திரமே அடித்திருந்தது. ‘டிராஃப்ட்’ என்றார்கள். இனி நாங்கள் டிரான்ஸ்கிரிப்ஷனிஸ்ட் கிடையாது, எடிட்டர். பெயரில் பதவி உயர்வு மாதிரி இருந்தது. மூன்று நாள் பயிற்சி கொடுத்தார்கள். தினம் 600 வரியாக இருந்த டார்கெட்டை 1,200 ஆக்கினார்கள். அடிக்கிற வேலை இல்லையே, பார்க்கிற வேலைதானே என்பது வாதம்.

அடிப்பதைவிடப் பார்ப்பது கடினம் என்று பார்த்தவர்களுக்குத்தான் தெரியும். காதில் ஒன்று ஓடும், கண் முன்னே இன்னொன்று இருக்கும். கண் எழுத்தை நம்பிவிடும். ‘மருந்து ஒவ்வாமை எதுவும் இல்லை’ என்று டாக்டர் சொன்னதில் ஆரம்ப ‘நோ’ மட்டும் காணாமல் போயிருக்கும். மிச்ச வாக்கியம் அழகாக நிற்கும். நாங்கள் அடித்தபோது செய்த பிழை பிழை மாதிரித் தெரியும். இயந்திரத்தின் பிழை சரி மாதிரித் தெரிந்தது. அது ஒருபோதும் பிளாங்க் விடவில்லை.

விரல்களும் பாடாய்ப் படுத்தின. ஒரு சொல்லைத் திருத்த வேண்டிய இடத்தில் வாக்கியம் முழுவதையும் அழித்துவிட்டு மறுபடி அடித்துவிடுவேன். திருச்சிக்குப் போனபோது அப்பாவிடம் சொன்னேன். “விரல் பழகுறதுக்கு மூணு மாசம். மறக்கிறதுக்கு ஆறு மாசம்மா” என்றார். எந்தப் பயிற்சித் துறையும் என்னிடம் சொல்லாத உண்மை அது. புதிதாகக் கற்பதற்கு மட்டும் நாள் குறிக்கிறார்கள். பழையதை மறப்பதற்கு நாள் ஒதுக்குவதே இல்லை.

நாங்கள் திருத்தி அனுப்பிய ஒவ்வொரு கோப்பும் இயந்திரத்துக்குப் பாடமாகப் போயிற்று. இதைப் பயிற்சியாளரே பெருமையாகச் சொன்னார். குண்டூர் டாக்டரின் உச்சரிப்பை நான் பிடிக்க ஒரு வருடம் ஆனது. என் திருத்தங்களைப் படித்து அது சில மாதங்களில் பிடித்துக்கொண்டது.

அடுத்த அடி இன்னும் தூரத்திலிருந்து வந்தது. 2009 பிப்ரவரியில் அமெரிக்காவில் ஹைடெக் சட்டம் நிறைவேறியது. மின்னணு மருத்துவப் பதிவுக்கு மாறுகிற மருத்துவமனைகளுக்கும் டாக்டர்களுக்கும் அரசே ஊக்கத்தொகை கொடுத்தது. டாக்டர்கள் பேசுவதை விட்டுவிட்டுத் திரையில் கட்டங்களைத் தட்ட ஆரம்பித்தார்கள். ஆடியோ குறைந்தது. 140 பேர் இருந்த எங்கள் மாடி மூன்று வருடத்தில் 60 ஆனது. ஆனாலும் ‘ஆட்குறைப்பு’ என்ற சொல் ஒரு காகிதத்திலும் கிடையாது. எச்.ஆர். அறைக்குக் கூப்பிடுவார்கள், மேஜையில் ராஜினாமாக் கடிதம் டைப் செய்து தயாராக இருக்கும், கையெழுத்துப் போட்டால் அனுபவச் சான்றிதழ் ஒழுங்காக வரும் என்பார்கள். எல்லோரும் ‘சொந்தக் காரணங்களுக்காக’ப் போனார்கள். போனவர்களில் நிமிடத்துக்கு 80 சொல் அடிக்கிறவர்களும் இருந்தார்கள், மூன்று சாஃப்ட்வேர் தெரிந்தவர்களும் இருந்தார்கள்.

*

2013-இல் மெடிக்கல் கோடிங்குக்கு மாற முடிவு செய்தேன். நோய்க்கும் சிகிச்சைக்கும் உரிய எண்ணைப் போட்டால்தான் அமெரிக்காவில் இன்சூரன்ஸ் பணம் தரும். அந்த எண்ணைப் போடுகிறவர் கோடர். அதற்கு சி.பி.சி. என்ற சான்றிதழ். அப்போது முடிச்சூரில் குடியிருந்தோம். மகளுக்கு ஐந்து வயது. தாம்பரத்தில் காலை ஆறு முதல் எட்டு வரை வகுப்பு, அங்கிருந்தே ரயில் பிடித்து அலுவலகம். எட்டு மாதம். வகுப்பு, மூன்று தடிப் புத்தகம், டாலரில் தேர்வுக் கட்டணம் எல்லாம் சேர்த்து 60,000 ரூபாயை ஒட்டிச் செலவு. கம்பெனி ஒரு ரூபாய் தரவில்லை, ஒரு மணி நேரமும் தரவில்லை.

தேர்வு அப்போது 5 மணி 40 நிமிடம், 150 கேள்விகள், 70 சதவீதம் எடுக்க வேண்டியிருந்தது. புத்தகத்தைப் பார்த்து எழுதலாம். அதனால் சுலபம் என்று நினைக்காதீர்கள். எந்தப் பக்கத்தில் எது இருக்கிறது என்று தெரியாதவனுக்குப் புத்தகம் பாரம்தான். நான் ஓரங்களில் கலர் ஸ்டிக்கர் ஒட்டியிருந்தேன்: இதயம் சிவப்பு, எலும்பு மஞ்சள், பிரசவம் பச்சை. முதல் முறை 66 வாங்கித் தோற்றேன். இரண்டாம் முறை தேறினேன். 2014-இல் கோடராகச் சேர்ந்தபோது 19,000 வாங்கிக்கொண்டிருந்தவளுக்கு 11,000 சம்பளம். பன்னிரண்டு வருட அனுபவம் ‘தொடர்பில்லாத அனுபவம்’ என்ற கட்டத்துக்குப் போயிற்று.

நான் படித்ததோ ஐ.சி.டி. 9. அமெரிக்காவில் 1979-இலிருந்து புழங்கிய பட்டியல், சுமார் 14,000 நோய்க் குறிகள். அடுத்து வர வேண்டிய ஐ.சி.டி. 10-இல் ஏறக்குறைய 70,000. அது 2013-இல் வரும் என்றார்கள், 2014 என்றார்கள், கடைசியில் 2014 ஏப்ரல் 1-ஆம் தேதி கையெழுத்தான ஒரு சட்டம் அதை மறுபடி ஒரு வருடம் தள்ளியது. முட்டாள்கள் தினத்தன்று வந்த செய்தி. முதலில் யாருமே நம்பவில்லை. ஒட்டிய ஸ்டிக்கரைப் பிரிப்பதற்குள் புத்தகமே பழசாகும் என்று தெரிந்துகொண்டேதான் படித்தோம்.

அந்த ஐ.சி.டி. 10-ஐப் பற்றி ஒரு நல்ல செய்தி சொல்ல வேண்டும். நான் பார்த்த பயிற்சிகளிலேயே உருப்படியானது அதுதான். ஆறு வாரம், தினமும் ஷிப்டில் பாதி நேரம், சம்பளத்தோடு. வாத்து மோதிக் காயம் பட்டால் அதற்கும் ஒரு எண், டபிள்யூ 61.62. தீப்பிடித்த வாட்டர் ஸ்கீயால் சுட்டுக்கொண்டால் வி 91.07. சிரித்துச் சிரித்துப் படித்தோம். தொடை எலும்பு முறிந்தது என்றால் பழைய பட்டியலுக்குப் போதும். புதியதற்கு எந்தக் கால், எந்த இடம், முதல் தடவை வருகிறாரா, ஆறிய பிறகு வருகிறாரா என்று எல்லாம் வேண்டும். 2015 அக்டோபர் 1-இல் மாற்றம் வந்தபோது முதல் இரண்டு மாதம் டார்கெட்டைக் குறைத்தார்கள். எங்கள் குழுவில் 30 பேர். சோம்பேறி என்று பெயர் வாங்கியவர்கள் உட்பட, தேறாதவர் ஒருவர்கூட இல்லை. கூலியோடு நேரம் கொடுத்தால் மனிதர்கள் கற்றுக்கொள்கிறார்கள் என்பதற்கு எனக்கு வேறு ஆதாரம் வேண்டாம்.

டிசம்பர் 1-ஆம் தேதி மழை. விடிவதற்குள் முடிச்சூரில் எங்கள் வீட்டுக்குள் இடுப்பளவு தண்ணீர். மகளைத் தோளில் வைத்துக்கொண்டு மொட்டை மாடிக்குப் போனோம். நான்காம் நாள் இறங்கி வந்தபோது என் ஐ.சி.டி. புத்தகம் சேற்றில் இரண்டு மடங்கு ஊதிக் கிடந்தது. ஒவ்வொரு பக்கமாகப் பிரித்து இஸ்திரிப் பெட்டியால் தேய்த்தேன். எண்கள் எல்லாம் கணினியிலேயே இருந்தன, தேய்த்திருக்கத் தேவையில்லைதான். அது என் காசில் வாங்கியது.

*

அக்கா கோடிங்குக்கு வரவில்லை. வயது 48, கணவர் படுக்கையில். நாகர்கோவிலுக்கே திரும்பி, வீட்டிலிருந்து எடிட்டிங் செய்தார். வரிக்கு இவ்வளவு பைசா என்ற கணக்கு.

2017 ஜூன் 27 இரவு அக்கா போன் செய்தார். “ஃபைலே வரல மக்களே. லாக்-இன்னே ஆகல. உனக்குத் தெரிஞ்ச ஆளு யாராவது இருக்கா?”

நெட்வொர்க் கோளாறு என்று நினைத்தோம். அன்றைக்கு நாட்பெட்யா என்ற வைரஸ் உக்ரைனில் ஒரு கணக்கு எழுதும் மென்பொருளின் அப்டேட் வழியாகக் கிளம்பி உலகம் முழுக்கப் பரவியிருந்தது. அக்கா வேலை செய்த தளத்தை நடத்திய அமெரிக்க நிறுவனமும் அதில் விழுந்தது. தளம் வாரக்கணக்கில் எழுந்திருக்கவில்லை. கோப்பு இல்லை என்றால் வரி இல்லை. வரி இல்லை என்றால் கூலி இல்லை. தளம் மீண்டு வந்தபோது மருத்துவமனைகள் பல, அதற்குள் வேறு வழி பார்த்திருந்தன. அக்காவுக்கு வந்த கோப்புகள் பழைய அளவில் பாதிகூட இல்லை. ஒரு வருடம் கழித்து வீட்டு வாசலில் தையல் மெஷின் போட்டார்.

என்னைவிட நூறு மடங்கு திறமைசாலி அவர். மருந்து, உடல், மொழி மூன்றும் தெரிந்தவர். எந்தக் கோர்ஸ் படித்திருந்தால் அந்த ஜூன் 27 அவரைத் தொட்டிருக்காது என்று யாராவது எனக்குச் சொல்லட்டும்.

*

2020 மார்ச் 24 இரவு ஊரடங்கு. அதற்கு முன்பே இரண்டு நாளாக அலுவலகத்தில் டெஸ்க்டாப்களைக் கழற்றி ஆட்டோவிலும் கேபிலும் ஏற்றிக்கொண்டிருந்தார்கள். மானிட்டரை மடியில் வைத்துக்கொண்டு வீட்டுக்கு வந்தேன். கொரோனாவுக்குத் தனி எண் அப்போது இல்லை. பொதுவான பி 97.29-ஐத்தான் போடச் சொன்னார்கள். ஏப்ரல் 1 முதல் யூ 07.1 நடைமுறைக்கு வந்தது. முதல் வாரங்களில் தினம் நாலைந்து முறை அதை அடித்தேன். பிறகு எண்ணுவதை விட்டுவிட்டேன். நோயாளியின் பெயர் எங்களுக்கு முக்கியமில்லை. வயது மட்டும் கண்ணில் படும். 41, 67, 39. அந்தப் பக்கம் அவசரமில்லாத அறுவை சிகிச்சைகளை எல்லாம் மருத்துவமனைகள் நிறுத்திவிட்டதால், அறுவை சிகிச்சைக் கோடர்களுக்கு வேலையே இல்லை. பன்னிரண்டு பேரிடம் மறுபடியும் ‘சொந்தக் காரணம்’ வாங்கினார்கள், இந்த முறை வீடியோ காலில்.

2021 ஜனவரி 1-இல் வெளிநோயாளி வருகையை மதிப்பிடும் விதியே மாறியது. டாக்டர் எத்தனை கேள்வி கேட்டார், எத்தனை உறுப்பைத் தொட்டுப் பார்த்தார் என்று எண்ணிக்கொண்டிருந்ததை விட்டுவிட்டு, எவ்வளவு சிக்கலான முடிவெடுத்தார் அல்லது எவ்வளவு நேரம் செலவிட்டார் என்று பார்க்கச் சொன்னார்கள். நியாயமான மாற்றம்தான். அதற்கான பயிற்சி இரண்டு மணி நேர வீடியோ, ஞாயிற்றுக்கிழமை.

2022 நவம்பர் கடைசியில் சாட்ஜிபிடி வந்தது. எங்களைத் தேடி வந்தது அதன் உறவுக்காரன். இப்போது டாக்டர் தனியாக உட்கார்ந்து பேசிப் பதிவு செய்வதில்லை. நோயாளியோடு அவர் பேசுவதையே மேஜைமேல் இருக்கும் கைபேசி கேட்டு, குறிப்பை எழுதிவிடுகிறது. இன்னொரு இயந்திரம் அதைப் படித்து எண் போடுகிறது. 2024-இல் என்னை ‘வேலிடேஷன்’ குழுவுக்கு மாற்றினார்கள். நான்காவது முறை ஃப்ரெஷர். பக்கத்தில் மொட்டையாகப் பேசிய அந்தப் பையன்.

எங்களுக்கு வருடத்துக்கு 40 மணி நேரம் ஆன்லைன் பயிற்சி கட்டாயம். டார்கெட் குறையாது. அதனால் பிள்ளைகள் இரண்டாவது திரையில் வீடியோவைச் சத்தமில்லாமல் ஓடவிட்டு முதல் திரையில் வேலை செய்கிறார்கள். கேள்விக்கான விடைகள் வாட்ஸ்அப் குழுவில் வந்துவிடும். மாதக் கடைசியில் எல்லோர் பெயருக்கும் எதிரே பச்சை டிக் விழும். அவர்களைக் குறை சொல்ல எனக்கு மனமில்லை. நானும் அப்படித்தான் முடிக்கிறேன்.

ஒரு மாலை, சர்க்கரை நோயாளி ஒருவரின் குறிப்பு வந்தது. இயந்திரம் போட்ட எண்கள் எல்லாம் குறிப்போடு பொருந்தின. பையன் ஓகே கொடுக்கப் போனான். இரண்டு பாதங்களிலும் நாடித்துடிப்பு இயல்பு என்று எழுதியிருந்தது. நான் பழைய பக்கங்களுக்குப் போனேன். இரண்டு வருடத்துக்கு முந்தைய குறிப்பில் இசட் 89.512 இருந்தது. இடது கால் முழங்காலுக்குக் கீழே அகற்றப்பட்டவர் என்று அர்த்தம். இல்லாத பாதத்தில் நாடி பார்த்திருக்கிறது.

“எப்படி மேம் பாத்தீங்க?” என்றான். முதல் முறையாக மேம்.

“கேஸைப் படி, அப்புறம் எண்ணைப் பாரு” என்றேன். நாகர்கோவில் குரலில் சொன்ன மாதிரி எனக்கே கேட்டது. திருப்பி அனுப்பியபோது அந்த இடத்தில் என்ன நிரப்புவது என்று கேட்டான். பிளாங்க் விடு என்றேன். அந்தத் திரையில் பிளாங்க் விடுவதற்குப் பொத்தானே இல்லை. டாக்டருக்குக் கேள்வி எழுப்பும் வேறொரு படிவத்தைத் தேடிப் பிடித்து அனுப்பினோம். எட்டு நிமிடம் போயிற்று. அன்றைய டார்கெட்டில் எனக்கு ஒரு சார்ட் குறைவு.

*

2025 தீபாவளிக்கு உறையூர் போயிருந்தேன். இன்ஸ்டிடியூட் இன்னும் இருக்கிறது, தம்பி பார்த்துக்கொள்கிறான். காலை ஆறு மணி பேட்சில் இடமில்லை. அரசுத் தட்டச்சர் வேலைக்கு லோயர், ஹையர் சான்றிதழ் வேண்டும், டி.என்.பி.எஸ்.சி.க்குப் படிக்கிற பிள்ளைகள் ஃபேசிட்டில் விரல் பழகுகிறார்கள். நான் கற்ற நவீனத் தொழில்கள் ஒவ்வொன்றாகக் கரைய, அப்பாவின் பழைய தொழில் நிற்கிறது. சிரித்துக்கொண்டே அதைச் சொன்னேன். “இந்த மெஷினைக் காப்பாத்துனது நானா என்ன? கவர்மெண்ட் ஜி.ஓ. தான்மா” என்றார்.

அப்பா சொன்னது விளையாட்டில்லை. என்னைப் புரட்டிப் போட்டவை பெரும்பாலும் எங்கோ கையெழுத்தான விதிகளும் ஒப்பந்தங்களும்தான்: 2009-இல் ஒன்று, 2014-இல் ஒன்று, 2021-இல் ஒன்று. எதுவும் நான் கற்க மறுத்ததால் வந்ததல்ல. ஒவ்வொரு முறையும் கற்றேன். அதற்கான நேரத்தையும் பணத்தையும் யார் போட்டார்கள் என்பதில்தான் பிழைத்தவர்களும் விழுந்தவர்களும் பிரிந்தார்கள். எனக்கு அடகு வைக்க வளையல் இருந்தது. அக்காவிடம் இல்லை.

தீபாவளி முடிந்து ஒரு மாதத்தில், 2025 நவம்பர் 21 முதல், இந்தியாவில் புதிய தொழிலாளர் சட்டத் தொகுப்புகள் நடைமுறைக்கு வந்தன. தொழில் உறவுகள் தொகுப்பில் ‘மறுதிறன் நிதி’ என்று ஒரு பிரிவு இருப்பதாகப் பையன் காட்டினான். ஆட்குறைப்பு செய்யப்படும் தொழிலாளிக்கு, இழப்பீடு போக, புதுத் தொழில் கற்பதற்கென்று முதலாளி ஒரு தொகை கட்ட வேண்டும். 45 நாளுக்குள் அது தொழிலாளியின் கணக்குக்குப் போக வேண்டும். ‘சொந்தக் காரணங்களுக்காக’ ராஜினாமா செய்தவருக்கு அது கிடையாது. ஆட்குறைப்பு என்று காகிதத்தில் இருந்தால்தான்.

எவ்வளவு என்று பார்த்தேன். கோடிங் கற்க எனக்கு எட்டு மாதம் ஆனது. விரல் மறக்க ஆறு மாதம் என்று அப்பா சொன்னார். பழக்கதோஷத்தில், ஐம்பதா என்று அந்த வரியை மறுபடியும் படித்தேன்.

ஒன், ஃபைவ். பதினைந்து நாள் சம்பளம்.